பல் விழுந்த கதவு

அந்த ஊரில் சத்தங்கள் சும்மா வந்துவிட்டுப் போவதில்லை. போகும்போது எதையாவது ஒட்டவைத்துவிட்டுப் போகும்.

மளிகைக் கடையின் கல்லாப்பெட்டியை இழுத்தால் ‘கிறீச்’ என்று ஒரு சத்தம் வரும். எப்போதோ ஒருநாள், அந்தச் சத்தம் வந்த அதே நொடியில், பழைய கடைக்காரர், கடையே அதிர்கிற மாதிரி, ஒரு தும்மல் போட்டிருக்கிறார். அவ்வளவுதான். இப்போது யார் அந்தப் பெட்டியை இழுத்தாலும், பக்கத்தில் நிற்பவர்களுக்கெல்லாம் தாங்களே தும்மியது போல ஞாபகம் வரும். மூக்கு குறுகுறுக்கும். சிலர் நிஜமாகவே தும்மிவிடுவார்கள்.

இப்படிச் சத்தத்தோடு ஒட்டிக்கொண்ட நினைவுக்கு அந்த ஊரில் ‘ஒட்டு’ என்று பெயர். எல்லாச் சத்தத்திலும் ஒட்டு இருக்காது. இருந்தாலும் பக்கத்தில் நிற்பவர்களுக்குத்தான் அது கிடைக்கும். கொஞ்சம் தள்ளிப் போனால் வெறும் சத்தம் மட்டும்தான் காதில் விழும்.

கொசுறு குடும்பத்தோடு புது வீட்டுக்கு வந்தபோது, அந்த வீட்டு வாசல் கதவில் ஓர் ஒட்டு இருந்தது.

கொசுறு என்பது அவளுடைய உண்மைப் பெயர் இல்லை. இரட்டைப் பிள்ளைகளில் அவள் இரண்டாவது. முதலில் பையன் பிறந்தான். அவ்வளவுதான் என்று எல்லாரும் நினைத்துக்கொண்டிருந்தபோது அவள் பின்னாலேயே வந்தாள். “ஒண்ணு கேட்டோம், கொசுறும் சேர்த்துக் குடுத்துட்டாங்க” என்று அப்பா சொன்னார். பெயர் ஒட்டிக்கொண்டது. முதலில் பிறந்தவனோ, அந்தச் சில நிமிடங்களைக் காரணம் காட்டி, இன்றுவரை தன்னை அண்ணா என்று கூப்பிடச் சொல்கிறான். அவள் கூப்பிடுவதில்லை. மற்றவர்கள் கேலியாக அவனைப் பெரியவன் என்று கூப்பிடுவார்கள்.

புது வீட்டுக் கதவைத் திறந்தால் ‘க்ர்ர்...ஈஈங்’ என்று நீளமாக ஒரு சத்தம் வரும். உடனே வாயில் லேசாக உப்புக் கரிக்கும். உள்ளங்கையில் குட்டியாக ஒரு பல் இருப்பது போலத் தோன்றும். “அம்மா, விழுந்துடுச்சு” என்று தானே கத்தியது ஞாபகம் வரும். உள்ளே இருந்து ஓர் அம்மா சிரிப்பார். சோழியைக் குலுக்கிக் கொட்டியது போன்ற சிரிப்பு. சிரித்துக்கொண்டே சொல்வார்: “வாடி என் ஓட்டைப்பல்லி.”

அவ்வளவுதான். கதவு நின்றதும் எல்லாம் மறைந்துவிடும்.

யாருடைய பல், யாருடைய அம்மா என்று யாருக்கும் தெரியாது. அந்த வீட்டில் எத்தனையோ பேர் குடியிருந்திருக்கிறார்கள். ஆனால் கொசுறுக்கு அந்தச் சிரிப்பு பிடித்துப்போயிற்று. ஒரு காரணமும் இல்லாமல் வெளியே போவாள், உள்ளே வருவாள்.

“கதவு என்ன ஊஞ்சலா?” என்று அம்மா கேட்பார். அம்மா பேருந்து நடத்துனர். காலையிலிருந்து மாலைவரை ஊரையே ஏற்றி இறக்குபவர். அதனால் வீட்டிலும் அதே குரல்தான். “ஒண்ணு உள்ள வா, இல்ல வெளிய இறங்கு. படியில நிக்காத.”

அப்பாவுக்குத்தான் அந்தக் கதவு பெரிய தொல்லையாக இருந்தது. அவர் மூக்குக்கண்ணாடி செய்பவர். வாசல் அறைதான் அவருடைய பட்டறை. லென்ஸைச் சாணைச் சக்கரத்தில் வைத்து மெல்ல மெல்லத் தேய்ப்பார். அந்த வேலைக்குக் கை ஆடவே கூடாது. ஆனால் ஒவ்வொரு முறை கதவு திறக்கும்போதும் அவருடைய பல் விழும். கை தானாகக் கன்னத்துக்குப் போகும்.

கண்ணாடி வாங்க வந்தவர்களும் அப்படித்தான். உள்ளே வந்ததும் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள்.

“நான் கண்ணுக்குத்தான் வந்தேன்” என்றார் ஒருவர். “நீங்க பல்லுக்கும் பார்ப்பீங்களா?”

ஒருநாள் அப்பா ஒரு தடிமனான லென்ஸை முடிக்கப்போகும் நேரம். பெரியவன் பள்ளியிலிருந்து ஓடிவந்து கதவைத் தள்ளினான். அப்பாவின் கை கன்னத்துக்குப் போயிற்று. லென்ஸ் தரைக்குப் போயிற்று.

அப்பா உடைந்த துண்டுகளைப் பொறுக்கினார். யாரையும் திட்டவில்லை. பிறகு எழுந்துபோய் எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்துவந்தார். கதவின் கீல்களில் ஒவ்வொன்றாக எண்ணெய் விட்டார். கதவை ஆட்டிப் பார்த்தார்.

சத்தமே இல்லை. கதவு பூனை மாதிரி நடந்தது.

“அப்பாடா” என்றார் அப்பா.

சாயங்காலம் யாரும் பார்க்காதபோது கொசுறு கதவைத் திறந்து மூடிப் பார்த்தாள். வாயில் உப்பு இல்லை. சிரிப்பு இல்லை. யாரோ சொல்லாமல் ஊருக்குப் போய்விட்டது போல இருந்தது.

அந்தத் தெருவுக்குத் தபால் கொண்டுவருவது ஒரு தபால்காரம்மா. காக்கி உடை, தோளில் கனமான பை, எப்போதும் அவசரம். எல்லா வீட்டிலும் வாசல்வரை வந்து கதவைத் தட்டிக் கடிதத்தைக் கொடுப்பார். இந்த வீட்டுக்கு மட்டும் உள்ளே வரமாட்டார். கேட்டில் தொங்கும் பெட்டியில் கடிதத்தைப் போடுவார். கொஞ்ச நேரம் நிற்பார். யாராவது கதவைத் திறக்கும் சத்தம் கேட்டதும் கிளம்பிவிடுவார். கொசுறு அதைப் பலமுறை ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறாள்.

எண்ணெய் விட்ட இரண்டாம் நாள் அப்பாவுக்கு ஒரு பார்சல் வந்தது. பெட்டியில் நுழையாத பார்சல்.

“பார்சல்” என்று கேட்டுக்கு வெளியே நின்றபடி குரல் கொடுத்தார் தபால்காரம்மா.

கொசுறு ஜன்னலில் எட்டிப் பார்த்தாள். “உள்ள வாங்களேன், தபால்காரம்மா.”

“இல்லம்மா. அப்பாவை இங்கயே வந்து வாங்கிக்கச் சொல்லு.”

அப்பா கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார். தபால்காரம்மா அப்பாவைப் பார்க்கவில்லை. கதவைப் பார்த்தார். அது திறந்தது. பிறகு தானாகச் சாத்திக்கொண்டது. அவர் முகம் விளக்கை அணைத்தது போல ஆகிவிட்டது.

“கதவு சத்தமே போடலையே” என்றார்.

“எண்ணெய் விட்டேன். தொல்லை விட்டுது” என்றார் அப்பா.

“நல்லதுதான்” என்றார் தபால்காரம்மா. பார்சலை அப்பா கையில் கொடுத்துவிட்டு, கையெழுத்து வாங்காமலேயே திரும்பி நடந்தார்.

கொசுறு செருப்பைக்கூட மாட்டாமல் பின்னால் ஓடினாள். தெருமுனையில் எட்டிப் பிடித்தாள்.

“அப்பா கையெழுத்து போடல.”

“அட, ஆமா” என்று நெற்றியில் தட்டிக்கொண்டார் அவர். ஆனால் திரும்பி வரவில்லை. அங்கேயே நின்றார்.

“தபால்காரம்மா, அந்தக் கதவு உங்களுக்குத் தெரியுமா?”

அவர் பையை ஒரு தோளிலிருந்து இன்னொரு தோளுக்கு மாற்றினார். “தெரியும். சின்ன வயசுல நாங்க அந்த வீட்டுலதான் இருந்தோம். அம்மா இறந்ததும் சித்தி வந்து என்னைக் கூட்டிட்டுப் போயிட்டாங்க. அப்ப எனக்கு ஏழு வயசு. அதுக்கப்புறம் அந்த வாசல்படி ஏறினதில்ல.”

கொசுறு இன்னும் கிட்டே வந்தாள். “கதவுல ஒட்டு இருக்குன்னு தெரியுமா?”

“ஏதோ இருக்குன்னு ஊர்ல பேசிக்குவாங்க. என்னன்னு நான் கேட்டதில்ல.”

“ஏன்?”

“அம்மா முகம் எனக்குப் போட்டோலதான் தெரியும். குரல் சுத்தமா ஞாபகம் இல்ல. அந்தக் கதவுல அவங்க இருந்தா சரி. வந்து பார்த்து, அது வேற யாரோட ஒட்டாவோ இருந்துட்டா? அதான் கேட்டுலயே நின்னு சத்தத்தை மட்டும் கேட்டுட்டுப் போயிடுவேன். இருக்கலாம்னு நினைச்சுக்கிட்டா நடக்கறதுக்கு நல்லா இருக்கும்.” அவர் லேசாகச் சிரித்தார். கொசுறுக்கு அது கதவில் கேட்டுப் பழகிய சிரிப்பு போல இருந்தது. “இனிமே அந்தக் கவலையும் இல்ல. விடு.”

கொசுறு வாயைத் திறந்தாள். உங்கள் அம்மா எப்படிச் சிரிப்பார் தெரியுமா, உங்களை என்னவென்று கூப்பிடுவார் தெரியுமா என்று சொல்லிவிட நாக்கு துடித்தது. ஆனால் சொல்லவில்லை. தபால்காரம்மாவின் பையில் ஒட்டிய உறைகள் அடுக்கடுக்காக இருந்தன. அடுத்தவர் பெயருக்கு வந்ததைத் தான் பிரித்துப் படித்துக் காட்டுவது போல அவளுக்குத் தோன்றியது. அந்தச் சிரிப்பைச் சொல்லித் தர முடியாது. கேட்கத்தான் வைக்கவேண்டும்.

வீட்டுக்கு வந்து அப்பாவிடம் நடந்ததைச் சொன்னாள்.

“அடடா” என்றார் அப்பா. பிறகு சுவரைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார். “ஆனா எண்ணெய் விட்டாச்சே. அந்தச் சத்தம் திரும்ப வந்தா நான் வேலை செய்ய முடியாதுடா கண்ணு.”

“நம்ம பழைய வீட்டு ஃபேன் ஞாபகம் இருக்காப்பா?”

அப்பாவுக்கு ஞாபகம் இருந்தது. பழைய வீட்டு மின்விசிறி சுற்றும்போது ‘டொக் டொக்’ என்று அடிக்கும். அதில் ஒரு தாலாட்டு ஒட்டியிருந்தது. இரண்டு குழந்தைகளையும் இரண்டு தோளில் போட்டுக்கொண்டு அப்பா ராகமே இல்லாமல் பாடிய தாலாட்டு. வீடு மாறும்போது மின்விசிறியைக் கழற்றிவர முடியவில்லை. வீட்டுக்காரருடையது.

“இப்ப அந்தப் பாட்டு எனக்கு மறந்தே போச்சு” என்றாள் கொசுறு. “அங்க வந்தவங்க ஃபேனுக்கு எண்ணெய் விட்டிருந்தா?”

அப்பா எழுந்தார். லென்ஸில் எண்ணெய்ப் பிசுக்கைத் துடைக்க அவர் வைத்திருந்த ஸ்பிரிட் பாட்டிலையும் பஞ்சையும் எடுத்தார். “பெரியவனைக் கூப்பிடு. கீலைச் சுத்தம் பண்ணணும்.”

மூன்று பேரும் கதவின் முன்னால் உட்கார்ந்தார்கள். ஊரில் எல்லாரும் கதவு கிறீச்சிடாமல் இருக்கப் பாடுபடுவார்கள். இவர்கள் கிறீச்சிட வைக்கப் பாடுபட்டார்கள். பஞ்சு பஞ்சாகக் கறுப்பு எண்ணெய் வந்தது. எண்ணெயோடு பழைய துருவும் வந்தது.

பெரியவன் கதவைத் திறந்தான்.

‘கிர்’ என்றது. அவ்வளவுதான். கொட்டாவி விட்ட எலி மாதிரி.

“மெதுவா திற” என்றாள் கொசுறு.

‘கிர்.’

“வேகமா.”

பெரியவன் அறைந்து சாத்தினான். எதிர்வீட்டு மாமா ஜன்னலைத் திறந்து, “அங்க என்னப்பா சண்டை?” என்று கேட்டார்.

வேலை முடிந்து வந்த அம்மாவும் கதவை ஆட்டிப் பார்த்தார். “வண்டி கிளம்பல” என்றார். அடுத்தடுத்த நாட்களில் கீலில் சாம்பல் தூவினார்கள். உப்புத் தண்ணீர் தெளித்தார்கள். எலி கொட்டாவி விட்டதே தவிர, ஒருவருக்கும் பல் விழவில்லை.

தபால்காரம்மா இப்போதும் வந்தார். பெட்டியில் கடிதத்தைப் போட்டார். ஆனால் நிற்கவில்லை. அதைப் பார்க்கும்போதெல்லாம் கொசுறு போய்க் கதவை இன்னொரு முறை ஆட்டிப் பார்த்தாள்.

அந்த வாரம் பள்ளியில் ஒன்றாம் வகுப்பு வாசலை அவள் கடந்துபோனாள். ஒரு வாண்டுப் பயல் வகுப்புக் கதவின் கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, காலைத் தூக்கித் தொங்கிக்கொண்டிருந்தான். கதவு அவனைச் சுமந்துகொண்டு முனகியது.

“தொங்காதடா, கதவு கழண்டுடும்” என்றார் டீச்சர்.

கொசுறு நின்றுவிட்டாள்.

அந்த ஒட்டில் உப்புச் சுவை இருந்தது. உள்ளங்கையில் பல் இருந்தது. அதில் இன்னொன்றும் இருந்தது. இத்தனை நாளாக அவள் அதைக் கவனிக்கவே இல்லை. கால் தரையில் படவில்லை.

மணி அடித்ததும் வீட்டுக்கு ஓடினாள். பெரியவன் பின்னாலேயே மூச்சு வாங்க ஓடிவந்தான்.

“நாம கதவைத் திறந்து பார்த்தோம்” என்றாள். “அவங்க திறக்கலடா. தொங்கியிருக்காங்க. துரு இருந்தவரைக்கும் யார் தொட்டாலும் கீல் கத்துச்சு. இப்ப துரு போயிடுச்சு. கனம் வச்சாத்தான் கத்தும்.”

“அண்ணான்னு கூப்பிடு, தள்ளிவிடறேன்.”

“டேய்.”

“சரி சரி.”

கொசுறு கைப்பிடியைப் பிடித்து முழங்காலை மடக்கினாள். உடம்பு முழுக்கக் கதவில் தொங்கியது. பெரியவன் தள்ளினான்.

க்ர்ர்...ஈஈங்.

வாயில் உப்பு. கையில் பல். உள்ளே இருந்து சோழியைக் கொட்டிய சிரிப்பு. “வாடி என் ஓட்டைப்பல்லி.”

பட்டறையில் ‘டங்’ என்று ஏதோ விழுந்தது. அப்பா கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வெளியே எட்டிப் பார்த்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை.

“கதவைச் சும்மா திறந்து காட்டு” என்றார்.

பெரியவன் திறந்தான். ‘கிர்’ என்றது எலி. பல் விழவில்லை.

அப்பாவின் முகம் மலர்ந்தது. “அப்ப யாரும் தொங்காத வரைக்கும் எனக்கு நிம்மதி” என்றார்.

மறுநாள் பள்ளிக்கு விடுமுறை. அம்மாவுக்கும் அன்று வேலை இல்லை. கொசுறு கேட்டிலேயே காத்திருந்தாள்.

“தபால்காரம்மா, இன்னைக்கு நீங்க உள்ள வரணும்.”

“நிறைய வேலை இருக்கும்மா.”

“உங்க பேருக்கு ஒண்ணு வந்திருக்கு.”

“என் பேருக்கா? எங்க இருந்து?”

“நான் சொல்லமாட்டேன். தெரியாம முன்னாடியே பிரிச்சுட்டோம், மன்னிச்சுக்கங்க. ஆனா அது வேற யாரோடதும் இல்ல. உங்களோடதுதான்.”

தபால்காரம்மா அவளைப் பார்த்தார். கதவைப் பார்த்தார். கேட்டின் கம்பியைப் பிடித்திருந்த கை விரல்கள் வெளுத்துப்போயின.

“நிச்சயமா?”

“நிச்சயமா.”

அவர் கேட்டைத் திறந்தார். வாசல்படிவரை வந்து, தோளிலிருந்து பையை இறக்கி வைத்தார்.

அம்மா உடனே பொறுப்பை எடுத்துக்கொண்டார். “எல்லாரும் பின்னாடி போங்க. படியில யாரும் நிக்காதீங்க. வழி விடுங்க” என்று அப்பாவைப் பின்கட்டுக்குத் தள்ளிக்கொண்டு போனார். அந்த ஒட்டு தபால்காரம்மா ஒருவருக்கு மட்டும் உரியது என்று வீட்டில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

“எப்படின்னா...” என்று சொல்லிக்கொடுக்கப் போனாள் கொசுறு.

சொல்ல வேண்டியிருக்கவில்லை. தபால்காரம்மாவின் இரண்டு கைகளும் தாமாகவே கைப்பிடிக்குப் போயின. காக்கி உடை போட்ட அந்தப் பெரிய அம்மாள், ஏழு வயதுக் குழந்தை மாதிரி தரையை உந்தித் தொங்கத் தயாராக முழங்காலை மடக்கினார்.

கொசுறு பெரியவன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கேட்டுக்கே ஓடிவிட்டாள். அங்கே சத்தம் மட்டும்தான் கேட்கும்.

க்ர்ர்...ஈஈங்.

தபால்காரம்மாவின் ஒரு கை மெல்லக் கன்னத்துக்குப் போனது. அப்படியே நின்றார். பிறகு கதவைச் சாத்திவிட்டு மறுபடி தொங்கினார். மறுபடியும். மறுபடியும்.

எதிர்வீட்டு மாமா செருப்பைச் சரசரவென்று இழுத்துக்கொண்டு வந்தார். “என் பத்திரிகை வரலையே இன்னும். தபால்காரம்மா இங்கயா இருக்காங்க? அங்க என்ன பண்றாங்க, கதவுல?”

“அவங்க அம்மா கூப்பிட்டாங்க” என்றாள் கொசுறு. “போயிருக்காங்க. வந்துடுவாங்க.”

மாமா அந்த ஊர்க்காரர். அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டு, “வரட்டும் வரட்டும், பத்திரிகை எங்க ஓடிடப்போகுது” என்றார் மெதுவான குரலில்.

வெகுநேரம் கழித்துத் தபால்காரம்மா வந்தார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. ஆனால் வாய் சிரித்துக்கொண்டிருந்தது. கொசுறு அந்தச் சிரிப்பை உற்றுக் கேட்டாள். சோழியைக் கொட்டியது போலவே இருந்தது. அவருக்கு அது தெரியுமோ தெரியாதோ.

“பெத்த பொண்ணைக் கூப்பிடற பேரைப் பார்த்தியா?” என்றார்.

“என்ன பேரு? எனக்கு எதுவும் தெரியாதே” என்றாள் கொசுறு.

“உனக்குப் பொய் சொல்லவே வரல.” அவர் பையிலிருந்து மாமாவின் பத்திரிகையை எடுத்துக் கொடுத்தார். பிறகு பையைத் தோளில் மாட்டிக்கொண்டு சொன்னார். “அந்தச் சமையலறையில அவங்க பாத்திரம் கழுவிக்கிட்டே பேசுவாங்க. ஈரக் கையாலேயே என் முகத்தைத் துடைப்பாங்க. இப்பத்தான் ஒண்ணொண்ணா வருது. அது கதவுல இல்ல. என்கிட்டயே இருந்திருக்கு.”

அன்று தெருவில் எல்லாருக்கும் தபால் தாமதமாகத்தான் கிடைத்தது. ஒருவரும் குறை சொல்லவில்லை.

மறுநாள் கொசுறின் வீட்டுக்கு ஒரு கடிதம்கூட இல்லை. ஆனாலும் தபால்காரம்மா வந்தார்.